நீல நூல் சுற்றிய வயர்

ஓடுகிற வேனைக் கயிறு கட்டி இழுத்துக்கொண்டு என் கராஜுக்கு வந்தவர் அவர் ஒருவர்தான். முன்னால் ஒரு டிராக்டர், பின்னால் அவருடைய வெள்ளை வேன். மாம்புரிக்கு அப்பால் உள்ள கரையோர ஊரிலிருந்து புத்தளம் வரை அப்படியே இழுத்து வந்திருக்கிறார்கள். இந்தப் பக்கத்தில் எல்லோருக்கும் நான் 'நானா', அதாவது அண்ணன். டிராக்டர்காரர் இறங்கி என்னிடம் மெதுவாகச் சொன்னார்.

"ஸ்டார்ட் எடுக்குது நானா. நானே எடுத்துப் பாத்தன். இவர்தான் ஓட்ட மாட்டன் எண்டுட்டார்."

அவர் கறுப்புச் சட்டை போட்டிருந்தார். மூன்று வாரத் தாடி. அவர் மனைவி இறந்த செய்தி எனக்குப் பிந்தித்தான் கிடைத்திருந்தது. அடக்கத்துக்குப் போக முடியவில்லை என்று சொல்ல வாயெடுத்தேன். அவர் கையைக் காட்டி நிறுத்தினார்.

"ஓட வைக்கத் தேவையில்ல நானா. அவ போன அண்டைக்கு ஏன் எடுக்கேல்ல எண்டு மட்டும் பாத்துச் சொல்லுங்க. அது வேன்ட பிழையா, நான் விட்ட பிழையா எண்டு எனக்குத் தெரியோணும்."

நான் வாகன வயரிங் வேலை செய்கிறவன். தொண்ணூறில் வடக்கிலிருந்து முஸ்லிம்களை வெளியேற்றியபோது மன்னாரிலிருந்து வந்தேன்; அப்போது எனக்குப் பன்னிரண்டு வயது. அகதி முகாமில் வளர்ந்து, தொழில் பழகி, கொழும்பு வீதியோரம் உப்பளத்தைப் பார்த்தபடி ஒரு தகரக் கொட்டிலில் சொந்தமாகக் கராஜ் போட்டேன். யுத்தம் முடிந்து பாதை திறந்தபோது, எங்கள் காணியைப் பார்க்க முதன்முதலில் எங்களை மன்னாருக்கு ஏற்றிப் போனது இவருடைய வேன்தான். வழியில் மடு மாதாவைக் கும்பிட வேண்டும் என்று அவர் மனைவியும் அன்று கூட வந்தார்.

காணியில் வீடு இருக்கவில்லை. ஆளுயரத்துக்குப் பற்றை. உம்மா வேனை விட்டு இறங்கி, எந்தப் பக்கம் வாசல் இருந்தது என்று தெரியாமல் நின்றார். நாங்கள் ஆண்கள் எல்லைக்கல்லைத் தேடிக்கொண்டிருந்தோம். அந்த அக்கா ஒரு கொப்பை முறித்து, மரத்தடியில் ஓரிடத்தைக் கூட்டித் துப்புரவாக்கினார். வேனிலிருந்த தன் பாயை எடுத்து வந்து விரித்தார். "இதில இருங்க உம்மா. தொழுறதெண்டாலும் தொழுங்க, பாய் சுத்தமானது" என்றார். உம்மா அந்தப் பாயில் உட்கார்ந்த பிறகுதான் அழுதார். அக்கா பக்கத்தில் இருந்து விசிறிக்கொண்டிருந்தார். அதற்குப் பிறகு அவரை நான் நாலைந்து தடவைதான் கண்டிருப்பேன். உம்மா மௌத்தானபோது அந்தத் தூரத்திலிருந்து பஸ் ஏறி வந்தார்.

இப்போது அவருடைய கணவர் என் கராஜில், உடைந்த கார் சீற் ஒன்றில் உட்கார்ந்து அந்த நாளைச் சொன்னார்.

அன்று காலை நுரைச்சோலைக்கு மரக்கறி மூட்டை ஏற்றிப் போய் இறக்கிவிட்டு, பதினொரு மணிக்கு வீட்டுக்கு வந்திருக்கிறார். வேனை முற்றத்தில் வெயிலில் விட்டார். பன்னிரண்டரை அளவில் மனைவி நெஞ்சைப் பிடித்துக்கொண்டு குசினிப் படியில் இருந்துவிட்டார். வேர்த்துக் கொட்டியது. தூக்கி வேனில் கிடத்தித் திறப்பைத் திருப்பினால் ஒன்றும் இல்லை. ஒரு சத்தமும் இல்லை. ஹோர்ன் இல்லை, லைட் இல்லை. திரும்பத் திரும்பத் திருப்பினார். அயலில் உள்ளவர்கள் ஓடிவந்து தள்ளினார்கள். அதற்கும் எடுக்கவில்லை. ஆட்டோ ஒன்று தேடிக் கொண்டுவர முக்கால் மணித்தியாலம் போயிற்று. ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியில், பாலாவிச் சந்திக்கு வரும்போதே மூச்சு நின்றுவிட்டது.

"பின்னேரம் அயல்வீட்டுப் பொடியன் வேனைப் பாதையில இருந்து எடுக்க எண்டு திறப்பைத் திருப்பியிருக்கிறான். ஒரே அடியில எடுத்திட்டுது." தன் உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டு சொன்னார். "அவன்ட கைக்கு எடுத்தது என்ட கைக்கு ஏன் எடுக்கேல்ல? நான் பயத்தில திறப்பை ஒழுங்காத் திருப்பேல்லையோ?"

சிறிது நேரம் கழித்து மிச்சத்தையும் சொன்னார். அவருக்கு ஒரே மகன். சிலாபத்தில் மீன் லொறி ஓட்டுகிறான். செத்தவீட்டில், ஊர் முழுக்கக் கூடி நிற்க, பெட்டிக்குப் பக்கத்தில் நின்று சொல்லியிருக்கிறான்: "வேனை ஒழுங்கா வச்சிருந்தா அம்மா இருந்திருப்பா." அடக்கம் முடிந்த கையோடு போனவன்தான். ஒரு போன் கோல்கூட இல்லை.

வந்து வந்து போகிற பிழைதான் எங்கள் தொழிலில் கொடியது. நின்றுபோன வாகனத்தில் பிழையைத் தேடலாம். ஓடுகிற வாகனத்தில் எதைத் தேடுவது? முதல் நாள் இருபது தடவைக்கு மேல் திறப்பைத் திருப்பினேன். அத்தனை தடவையும் எடுத்தது. மீட்டரை வைத்துப் பார்த்தேன். பற்றரியில் பன்னிரண்டரை வோல்ட். பியூஸ் பெட்டியிலும் பன்னிரண்டரை. ஒரு குறையும் இல்லை.

இரண்டாம் நாள் திறப்பு போடுகிற சுவிட்சைக் கழற்றினேன். அவர் மனதில் இருந்த சந்தேகம் அதுதான் என்பதால் அதைத் துண்டு துண்டாகப் பிரித்தேன். உள்ளே பித்தளைத் தகடுகள் புதிது போல இருந்தன. பற்றரியின் எர்த் வயரைக் கழற்றி, சேஸில் அது பூட்டிய இடத்தைச் சுரண்டித் துடைத்துப் பூட்டினேன். அதிலும் குறை இருக்கவில்லை. அன்று பின்னேரம் அவருக்குக் கோல் எடுத்து, அன்றைய காலையை ஒவ்வொன்றாகக் கேட்டேன். எத்தனை மணிக்கு எடுத்தீர்கள், எவ்வளவு தூரம், வந்து எங்கே விட்டீர்கள், முன்பக்கம் எந்தத் திசை, கண்ணாடி ஏற்றியிருந்ததா. எல்லாவற்றுக்கும் பொறுமையாகப் பதில் சொன்னார்.

"வழமையா வேப்ப மர நிழல்லதான் விடுறது நானா. அந்தக் கிழமை அவதான் கொப்பு வெட்டச் சொன்னவ, கூரையில முட்டுதெண்டு."

மூன்றாம் நாள் அவர் ஓடியது போலவே ஓடினேன். கல்பிட்டிப் பாதையில் நுரைச்சோலை வரை போய்த் திரும்பி, பதினொரு மணிக்கு, நிழலே இல்லாத இடத்தில் வேனை விட்டேன். கண்ணாடிகளை ஏற்றிக் கதவைச் சாத்தினேன். கொட்டிலுக்குள் வந்து இருந்தேன். வேறு வேலை ஓடவில்லை. உப்பளத்திலிருந்து வருகிற வெக்கை முகத்தில் அடித்துக்கொண்டிருந்தது.

பன்னிரண்டரைக்குப் போய்க் கதவைத் திறந்து, திறப்பைத் திருப்பினேன்.

ஒன்றுமில்லை. சத்தமில்லை, லைட் இல்லை. ஹோர்னை அழுத்தினேன். ஊமை.

என் தொழிலில் இதைவிடச் சந்தோசமான நேரம் வேறு கிடையாது. அன்றைக்கும் ஒரு நொடி அந்தச் சந்தோசம் வந்தது. அதை மறைக்க மாட்டேன். அடுத்த நொடி, இதே ஆசனத்தில் இருந்து, பின்னால் மனைவி மூச்சிரைக்கும் சத்தத்தைக் கேட்டபடி அந்த மனிதர் இப்படித்தானே திருப்பியிருப்பார் என்று நினைத்தேன்.

வேனை அசைக்காமல் இறங்கினேன். மீட்டரை பியூஸ் பெட்டியில் வைத்தேன். அப்போதும் பன்னிரண்டு காட்டியது. மீட்டரை நம்பினால் வேனில் பிழையே இல்லை. ஆனால் மீட்டருக்குக் கரண்ட் வேண்டியதில்லை. ஒரு முடியளவு செம்பு தொட்டுக்கொண்டிருந்தாலே அது பன்னிரண்டைக் காட்டிவிடும். அதனால் பழைய ஹெட்லைட் பல்ப் ஒன்றில் இரண்டு வயர் பூட்டி வைத்திருக்கிறேன். பாரம் ஏற்றிப் பார்க்க அதுதான் சரி. பற்றரியில் வைத்தேன், கண் கூசுகிற மாதிரி எரிந்தது. பியூஸ் பெட்டியில் வைத்தேன், இருட்டு. கம்பி சிவக்கக்கூட இல்லை.

அப்படியென்றால் பற்றரிக்கும் பியூஸ் பெட்டிக்கும் நடுவில், அந்தத் தடித்த மெயின் வயரில்தான் பிழை. முன் ஆசனத்தைக் கழற்றி, றப்பர் விரிப்பைத் தூக்கினேன். விரிப்புக்கு அடியில் தகரம் துருவேறி, உப்பு பூத்திருந்தது. கடற்கரை வேன். ஈரக் கால்கள், மீன் பெட்டிகள், காற்று. வயரைக் கையால் தடவிக்கொண்டே போனேன். ஓரிடத்தில் தடித்தது. கறுப்பு டேப் சுற்றிய ஒரு இணைப்பு. டேப்பின் முனையில், அது சூட்டில் கழன்றுவிடாமல், நீல நைலோன் நூல் மூன்று சுற்றுச் சுற்றி முடிச்சிட்டிருந்தது.

வலை பின்னுகிற நூல். முகாமில் இருந்த காலத்தில் பழகிய பழக்கம் அது. புத்தளத்தில் டேப் முனைக்கு நீல நூல் கட்டுகிறவன் நான் ஒருவன்தான்.

கத்தியால் டேப்பைக் கீறினேன். பச்சைத் தூள் கொட்டியது. இரண்டு வயர்களையும் சும்மா முறுக்கியிருந்தேன். ஈயம் உருக்கி ஒட்டியிருக்கவில்லை. செம்பு இழைகள் எல்லாம் அரித்து, மூன்றோ நாலோ மிஞ்சியிருந்தன. வெயிலில் தகரம் சூடாகி விரிய, அந்த மிச்சமும் விலகியிருக்கிறது. பின்னேரக் குளிர்ச்சியில் தகரம் சுருங்க, திரும்பவும் தொட்டிருக்கிறது.

பள்ளிவாசலில் லுஹர் என்கிற மதியத் தொழுகை முடிந்து ஆட்கள் போனார்கள். நான் வேனின் தரையில் இருந்தபடியே இருந்தேன்.

ஞாபகம் வரத் தொடங்கியது. மூன்று வருடங்களுக்கு முன் மெயின் வயர் எரிந்த நிலையில் இந்த வேனைக் கொண்டுவந்தார். அடுத்த நாள் விடிய தலவிலக் கோயிலுக்கு ஆட்கள் ஏற்ற வேண்டும், எப்படியாவது இன்றைக்கே தாருங்கள் என்று நின்றார். அன்று கரண்ட் இல்லை, ஈயம் வைக்க முடியவில்லை. எரிந்த துண்டை வெட்டி, புதுத் துண்டை முறுக்கி, டேப் சுற்றிக் கொடுத்தேன். "இது இண்டைக்குச் சரி. பிறகு கொண்டு வாங்க, ஒழுங்காப் போட்டுத் தாறன்" என்று சொன்னேன். சொன்னேன் என்றுதான் நினைவு. ஆனால் அந்த நினைவை எத்தனை தடவை எடுத்துப் பார்த்தாலும், என் குரல்தான் கேட்கிறது. அவர் ஓம் என்று தலையாட்டிய முகம் வரவில்லை. சொல்ல நினைத்தேனோ, சொன்னேனோ, இன்றுவரை எனக்குத் தெரியாது.

வீட்டுக்குப் போனேன். சோற்றைப் போட்டுவிட்டு மனைவி என் முகத்தைப் பார்த்தாள்.

"என்ன, பிழை அம்பிடல்லியா?"

"அம்பிட்டுது."

சொன்னேன். அவள் அகப்பையைக் கீழே வைத்தாள்.

"அந்த வயரை மாத்திப் போட்டுட்டு, பற்றரிதான் பிழை எண்டு சொன்னா ஆருக்கும் தெரியப் போறல்ல" என்றேன். அப்படிச் சொல்லப் போவதில்லை என்று நினைத்துத்தான் சொன்னேன். ஆனால் வாயில் வந்தது வந்ததுதான்.

"உம்மாக்குப் பாய் விரிச்ச பொம்பள அவ" என்றாள். நான் சோற்றில் கை வைக்கவில்லை.

அடுத்த நாள் காலை வேன்காரர் பஸ்ஸில் வந்தார். இணைப்பை நான் தொடாமல் அப்படியே திறந்து வைத்திருந்தேன். பக்கத்தில் கூப்பிட்டுக் காட்டினேன்.

"அண்ணன், பிழை உங்கட இல்ல. இது நான் முறுக்கின வயர். ஈயம் வைக்காம விட்டிட்டன். இந்த நூல் நான் கட்டினது."

அவர் குந்தியிருந்து பார்த்தார். விரலால் அந்தப் பச்சைத் தூளைத் தொட்டு, பெருவிரலோடு சேர்த்துத் தேய்த்தார்.

"அப்ப நான் திறப்பைத் திருப்பினது சரிதானே?"

"சரி. அந்த நேரம் ஆர் திருப்பியிருந்தாலும் எடுத்திராது."

"ஆர் திருப்பியிருந்தாலும்."

"ஓம்."

இரண்டு மூன்று தடவை தலையை ஆட்டினார். அன்று வேனைத் திரும்பக் கொண்டுவரச் சொன்னேனா என்று கேட்க வேண்டும் போல எனக்கு நாக்கு வரை வந்தது. கேட்டிருந்தால் என் பாரத்தில் பாதியை அவர் தலையில் வைத்ததாகிவிடும். கேட்கவில்லை. அவர் எழுந்து வீதியோரம் போய், எனக்கு முதுகைக் காட்டி, உப்பளத்தைப் பார்த்து நின்றார். லொறிகள் போய்க்கொண்டிருந்தன. அவர் தோள்கள் குலுங்குவதைப் பார்த்தேன். கிட்டப் போகலாமா என்று யோசித்தேன். நான் போகக்கூடிய ஆள் இல்லை என்று பட்டது.

திரும்பி வந்து சொன்னார். "டொக்டரைக் கேட்டனான். நேரத்துக்கு வந்திருந்தாத் தப்பியிருப்பாவோ எண்டு. சொல்ல ஏலாது எண்டவர்." பிறகு, "ஒழுங்காப் போட்டுத் தாங்க" என்றார்.

அவர் பார்த்துக்கொண்டிருக்கப் போட்டேன். இடையில் ஒரு இணைப்பும் இல்லாமல், பற்றரியிலிருந்து பியூஸ் பெட்டி வரை ஒரே நீள வயர். இரண்டு முனைக்கும் லக் என்கிற செம்பு வளையம் போட்டு நசுக்கி, ஈயம் ஊற்றி, மேலே றப்பர் குழாய் ஏற்றினேன். தரையில் படாமல் மேலால் கொண்டுபோய்க் கட்டினேன். வயரின் மறுமுனையை அவர்தான் பிடித்துக்கொண்டார். முடிந்ததும் திறப்பை அவரிடம் நீட்டினேன். வாங்கி, கொஞ்ச நேரம் வைத்திருந்துவிட்டு, ஏறித் திருப்பினார். எடுத்தது. அவர் அதை ஓட்டிக்கொண்டு போவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

முப்பத்தோராம் நாள் பூசைக்கு நானும் மனைவியும் போனோம். கோயில் முற்றத்தில் நின்றோம். அவர் வந்து என் மனைவியிடம் சாப்பிட்டுப் போகச் சொன்னார். என்னிடம் ஒன்றும் சொல்லவில்லை. மகன் வந்திருக்கவில்லை.

அதன்பிறகு ஒரு வருடம் அவர் என் பாதையால் வரவில்லை. பிறகு ஒரு நாள் வேனோடு வந்தார். விற்கப் போகிறாராம், உள்ளே பூட்டியிருந்த பாட்டுப் பெட்டியைக் கழற்ற வேண்டுமாம். கழற்றிக்கொண்டே கேட்டேன்.

"மகனுக்குச் சொன்னீங்களா? இன்னதாலதான் எண்டு?"

"இல்ல."

"ஏன் அண்ணன்? உங்களில பிழை இல்ல எண்டு தெரிய வேணாமா?"

அவர் வெளியே பார்த்தார். "சொன்னா இஞ்ச வந்து நிப்பான். அவன்ட கோபம் உங்களுக்குத் தெரியாது. நீங்க முஸ்லிம், நாங்க கிறிஸ்தவர். இப்ப நாடு இருக்கிற நிலைமையில ஒண்டு கிடக்க ஒண்டாகும்." சட்டைக் கையால் முகத்தைத் துடைத்தார். "என்னோட கோவிச்சிட்டு இருக்கட்டும். நான் தகப்பன்தானே."

அந்த வார்த்தையோடு நான் ஒரு மாதம் இருந்தேன். அவருடைய மகன் அவரைக் கொலைகாரனைப் போல ஒதுக்கி வைத்திருக்கிறான். என் வயருக்காக. அவர் அதைச் சுமந்துகொண்டு என்னைக் காப்பாற்றிக்கொண்டிருக்கிறார். நான் ஒவ்வொரு நாளும் கராஜைத் திறந்து வேலை செய்துகொண்டிருக்கிறேன்.

ஒரு விடியற்காலையில் பஸ் ஏறிச் சிலாபம் போனேன். மனைவியிடம் மட்டும் சொன்னேன். மீன் சந்தையில் விசாரித்தபோது லொறியைக் காட்டினார்கள். தகப்பனின் நெற்றியும் தாயின் கண்களும் உள்ள, இருபத்தைந்து வயது மதிக்கத்தக்க இளைஞன். சிங்களத்தில் யாருடனோ விலை பேசிக்கொண்டிருந்தான். என்னை அடையாளம் தெரிந்தது. "வயரிங் நானாவா? என்ன இந்தப் பக்கம்?" என்றான்.

நின்ற நிலையிலேயே எல்லாவற்றையும் சொன்னேன். சுருக்கவில்லை, மெழுகவும் இல்லை. மீன் பெட்டிகளைச் சுமந்தவர்கள் எங்களை இடித்துக்கொண்டு போனார்கள். அவன் முகம் மாறுவதைப் பார்த்துக்கொண்டே சொன்னேன். அடிப்பான் என்றுதான் நினைத்தேன். அடித்திருந்தால் நல்லது என்றும் நினைத்தேன்.

"அப்பாக்குத் தெரியுமா?" என்று கேட்டான்.

"தெரியும்."

"எப்ப இருந்து?"

"முப்பத்தோராம் நாளுக்கு முன்னமே. உனக்குச் சொல்ல வேணாம் எண்டு இருந்திட்டார்."

அவன் லொறியின் கதவில் கையை ஊன்றி நின்றான். முன்னால் நிற்பவன் நான் என்பதை மறந்துவிட்டது போல இருந்தது. பிறகு திரும்பாமலே, "நீங்க போங்க நானா" என்றான். குரலில் கோபம் இல்லை. அது என்ன குரல் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. "போங்க" என்று இன்னொரு தடவை சொன்னான். நான் பஸ் நிலையத்துக்கு நடந்தேன்.

இரண்டு மாதம் கழித்து தகப்பன் கராஜுக்கு வந்தார். வேன் இல்லை, பஸ்ஸில். பக்கத்துக் கடையில் பிளேன்டீ இரண்டு எடுத்து வந்தேன். கதிரையில் இருந்து ஊதிக் குடித்தார்.

"போய்ச் சொல்லிப்போட்டீங்க" என்றார்.

"ஓம் அண்ணன்."

"நான் வேணாம் எண்டுதானே சொன்னனான்."

"ஓம்."

அவர் என்னைத் திட்டவும் இல்லை, நன்றி சொல்லவும் இல்லை. கோப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"மகன் வந்தவன்" என்றார். "மூண்டு நாள் நிண்டவன்."

"கதைச்சானா?"

"அதைப் பத்தி ஒண்டும் கதைக்கேல்ல. முதல் நாள் சேமக்காலைக்கு, தாய்ட கல்லறைக்குப் போயிட்டு வந்தான். அடுத்த நாள் விடிய எழும்பிக் கிணத்தை இறைச்சான். ரெண்டு நாள் இறைச்சான். சேறு அள்ளினான். ஊத்துக் கண்ணெல்லாம் துப்பரவாக்கினான்." பிளேன்டீயில் ஒரு வாய் குடித்தார். "அவ இருக்கேக்க ரெண்டு வருசமாச் சொல்லிக்கொண்டிருந்தவ, கிணறு இறைக்கோணும் எண்டு."

"பிறகு?"

"பிறகு லொறி வந்திட்டுது. போயிட்டான்."

கோப்பையை என்னிடம் தந்துவிட்டு, சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு எழுந்தார். கல்பிட்டி பஸ் வருகிற நேரம். நானும் வீதி வரை கூடப் போனேன். பஸ் நின்றது. சனம் நிறைந்திருந்தது. அவர் மிதிபலகையில் ஏறி, உள்ளே போக வழியில்லாமல், கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றபடியே போனார்.